பாபா யாகாவாக நடித்தவர் யார்? கியோர்கி மில்யார் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய சோவியத் தேவதைக் கதைப் படங்களை நண்பர்களுக்கும் அவர்கள் வீட்டுப் பிள்ளைகளுக்கும் போட்டுக் காட்டி வருகிறேன். படம் முடிந்ததும் கதாநாயகன் யார், கதாநாயகி யார் என்று யாரும் கேட்பதில்லை. கூன் விழுந்த அந்தச் சூனியக்கிழவி பாபா யாகாவைப் பற்றித்தான் கேட்கிறார்கள். சந்தேகங்கள் திரும்பத் திரும்ப ஒரே மாதிரி வருவதால், கேட்டவர்களின் வாய்மொழியிலேயே கேள்விகளை எழுதிப் பதில்களைத் தொகுத்திருக்கிறேன்.

"மில்யார் மில்யார்னு சொல்றீங்களே, யாருங்க அவர்?"

கியோர்கி மில்யார் (1903–1993) சோவியத் சினிமாவின் குணச்சித்திர நடிகர். அரை நூற்றாண்டுக்கும் மேல் நடித்தார். நூற்றுக்கும் மேற்பட்ட வேடங்கள் போட்டார். அவற்றில் காதல் நாயகனோ வாளெடுத்துப் போரிடும் வீரனோ கிடையாது. சூனியக்கிழவி, சாகாவரம் பெற்ற கொடியவன், பிசாசு, நீருக்கடியில் ஆளும் அரசன், பயந்தாங்கொள்ளி ராஜா, அரண்மனை எடுபிடி என்று கதையின் ஓரத்தில் நிற்பவர்கள்தான் அவருக்கு வந்தார்கள்.

ரஷ்யாவில் மூன்று தலைமுறைப் பிள்ளைகள் அவர் முகத்தைப் பார்த்துத்தான் பாபா யாகா இப்படித்தான் இருப்பாள் என்று தெரிந்துகொண்டார்கள். பெயர் தெரியாதவர்களுக்கும் அந்த முகம் தெரியும்.

"அப்போ அந்தக் கிழவியா நடிச்சது ஆம்பளையா? நிஜமாவா?"

நிஜமாகத்தான். மில்யார் பாபா யாகாவாக முதலில் வந்தது அலெக்சாந்தர் ரோ இயக்கிய 'அழகி வசிலிஸா' படத்தில், 1939-இல். அப்போது அவருக்கு 36 வயதுகூட முடியவில்லை. அதே படத்தில் மூன்று பிள்ளைகளைப் பெற்ற கிழத் தகப்பனாகவும் அவரே வருகிறார். இதைச் சொன்ன பிறகு மறுபடி படத்தைப் போடச் சொல்பவர்கள் நிறைய. மறுபடி பார்த்தாலும் இருவரும் ஒரே ஆள் என்று எளிதில் பிடிபடாது. நடை வேறு, குரல் வேறு, தோள் நிற்கும் விதம்கூட வேறு.

"ஏன், நடிகைங்களே கிடைக்கலையா?"

கிடைத்தார்கள். பல நடிகைகளை ஒப்பனை போட்டுச் சோதித்துப் பார்த்தார் ரோ. எதுவும் அவருக்குத் திருப்தி தரவில்லை. தானே அதைச் செய்கிறேன் என்று மில்யார் போய்க் கேட்டதாகத்தான் எல்லோரும் சொல்கிறார்கள். திரையில் இவ்வளவு அவலட்சணமாகத் தெரிய ஒரு பெண்ணுக்கு மனம் வராது என்று அவர் பிற்காலத்தில் காரணமும் சொன்னார்.

அந்தக் காரணத்தை நான் பாதிதான் ஏற்பேன். அசிங்கமாக நடிக்கத் துணிந்த அருமையான நடிகைகள் சோவியத் சினிமாவில் இருந்தார்கள். மில்யாரிடம் இருந்த வேறொன்றுதான் ரோவைப் பிடித்திருக்க வேண்டும். அவர் கிழவிகளை உற்றுப் பார்த்து வைத்திருந்தார். மாஸ்கோவில் ஒரே குடியிருப்பில் சேர்ந்து வசித்த சண்டைக்காரப் பாட்டி ஒருத்தி, கிரிமியாவில் ஆடு மேய்த்துக்கொண்டிருந்த வயதான கிரேக்கப் பெண் ஒருத்தி, இந்த இருவரிடமிருந்து பாபா யாகாவை எடுத்ததாக அவரே சொல்லியிருக்கிறார். சூனியக்காரிக்கு உயிருள்ள முன்மாதிரியைத் தேடிப் போனவர் அவர்.

"பேரைப் பார்த்தா பிரெஞ்சுக்காரர் மாதிரி இருக்கே?"

பாதி பிரெஞ்சுதான். அப்பா மார்சேய் நகரத்துப் பொறியாளர், பாலம் கட்டும் வேலைக்காக ரஷ்யாவுக்கு வந்தவர். அம்மா சைபீரியாவின் இர்கூத்ஸ்க் நகரத்துத் தங்கச் சுரங்க முதலாளியின் மகள். மகன் 1903 நவம்பர் 7 அன்று மாஸ்கோவில் பிறந்தான். அவனுக்கு மூன்று வயதாகும் முன்பே அப்பா இறந்துவிட்டார். குடும்பப் பெயர் 'தெ' என்று தொடங்கும் பிரபுத்துவப் பெயர். புரட்சிக்குப் பிறகு அது ஆபத்தான அடையாளம் என்பதால் 'மில்யார்' என்று மாற்றிக்கொண்டார்.

பணக்கார வீட்டுப் பிள்ளைக்குப் பிரெஞ்சும் ஜெர்மனும் சொல்லிக்கொடுத்தே வளர்த்தார்கள். 1917-க்குப் பிறகு சொத்துகள் போயின. மாஸ்கோவில் இருந்த பெரிய வீடு பல குடும்பங்கள் பங்குபோட்டு வாழும் கூட்டுக் குடியிருப்பானது. அதில் ஒரே ஓர் அறை தாய்க்கும் மகனுக்கும் மிஞ்சியது. முந்தைய பதிலில் சொன்ன பாட்டி இத்தகைய குடியிருப்பில் கிடைத்தவள்தான்.

"நடிப்புக்கு எப்படி வந்தார்? பள்ளியில படிச்சாரா?"

முதலில் சாமான் தூக்கினார். முதல் உலகப் போர் தொடங்கிய 1914-இல் குடும்பம் கருங்கடல் கரையில் உள்ள கெலென்ஜிக் என்ற சிற்றூருக்குப் போனது. அங்கிருந்த நாடக அரங்கில் 1920-இல் மேடைப் பொருள்களைப் பார்த்துக்கொள்ளும் உதவியாளராகச் சேர்ந்தார். ஒரு நாள் சிண்ட்ரெல்லாவாக நடிக்க வேண்டிய நடிகைக்கு உடம்பு முடியாமல் போக, மில்யார் அந்த வேடத்தைப் போட்டுக்கொண்டு மேடை ஏறினார், ஆள் மாறியது பார்வையாளர்களுக்குத் தெரியவில்லை என்பது அவரைப் பற்றி எங்கும் சொல்லப்படும் கதை. பெண் வேடம் பாபா யாகாவோடு தொடங்கியதாக நினைப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

1924-இல் மாஸ்கோவுக்கு வந்து, நாடக இயக்குநர் மெயர்ஹோல்டு தொடங்கிய 'புரட்சி நாடக அரங்கு' நடத்திய பள்ளியில் சேர்ந்தார். 1927-இல் படிப்பை முடித்து அந்த அரங்கிலேயே 1938 வரை நடித்தார். உடலை வளைத்தும் முறித்தும் நடிக்கும் பயிற்சிக்குப் பேர்போன காலம் அது. மில்யாரின் பிசாசுகள் குதிப்பதையும் சாகாவரம் பெற்ற கொடியவன் கஷேய் விரலை நீட்டுவதையும் பார்க்கும்போது, அந்த மேடைக் காலம் வீண்போகவில்லை என்று தெரிகிறது.

"ரோ, ரோன்னு வருதே. அவர் யாரு, இவருக்கும் அவருக்கும் என்ன சம்பந்தம்?"

அலெக்சாந்தர் ரோ 1906-இல் பிறந்தவர். அப்பா அயர்லாந்துக்காரர், அம்மா கிரேக்கர். முதலில் யாக்கவ் புரத்தஸானவ் என்ற மூத்த இயக்குநரிடம் உதவியாளராக இருந்தார். 1938-இல் 'மீனின் ஆணைப்படி' என்ற முதல் படத்தை எடுத்தபோது அதில் கோரோஹ் ராஜா வேடத்துக்கு மில்யாரை அழைத்தார். அந்த ராஜா சிடுசிடுப்பான, சதா எதையோ கண்டு மிரளும் குட்டி ஆள். அதோடு மில்யார் நாடக அரங்கை விட்டார்.

அதிலிருந்து 1973 இறுதியில் ரோ இறக்கும் வரை, 35 ஆண்டுகள் இருவரும் பிரியவில்லை. ரோவின் 16 படங்களில் மில்யார் நடித்தார். பல படங்களில் ஒன்றுக்கு மேற்பட்ட வேடங்கள். ஒரு இயக்குநரும் ஒரு துணை நடிகரும் இத்தனை நீண்ட காலம் சேர்ந்தே வேலை செய்தது உலக சினிமாவிலேயே அரிது என்று நினைக்கிறேன்.

"கம்யூனிஸ்ட் நாட்டுல மாயமந்திரக் கதையெல்லாம் எடுக்க விட்டாங்களா?"

ஒரு காலத்தில் விடவில்லை. 1920-களில் தேவதைக் கதைகள் பிள்ளைகளின் மூளையை மழுங்கடிக்கும் என்று கல்வித் துறையில் வலுவான கருத்து இருந்தது. லெனினின் மனைவி குரூப்ஸ்கயா 1928-இல் 'பிராவ்தா' நாளேட்டில் சிறுவர் கவிஞர் சுக்கோவ்ஸ்கியின் பாடலைக் கடுமையாகத் தாக்கி எழுதினார்.

1930-களின் நடுவில் காற்று மாறியது. 1934-இல் நடந்த எழுத்தாளர் மாநாட்டில் கார்க்கி நாட்டுப்புறக் கதைகளை உயர்த்திப் பேசினார். 1936-இல் குழந்தைகளுக்கென்றே 'சொயூஸ்தெத்ஃபிலிம்' என்ற தனி ஸ்டுடியோ உருவானது. பிற்பாடு கார்க்கி ஸ்டுடியோ என்று பெயர் பெற்றது அதுதான். ரோவும் மில்யாரும் அந்தக் கதவு திறந்த நேரத்தில் சரியாக வாசலில் நின்றார்கள். பத்து ஆண்டு முன்னால் பிறந்திருந்தால் இந்தப் படங்கள் எதுவும் இல்லை.

"கஷேய் படம் பார்த்தேன், பயமா இருந்துச்சு. உண்மையிலேயே அவ்வளவு ஒல்லியா இருந்தாரா?"

இருந்தார். 'சாகாவரம் பெற்ற கஷேய்' போர்க்காலத்தில் எடுக்கப்பட்டது. ஜெர்மானியப் படை மாஸ்கோவை நெருங்கியபோது ஸ்டுடியோவை மத்திய ஆசியாவுக்கு, ஸ்தாலினாபாத் நகரத்துக்கு இடம் மாற்றினார்கள். இன்று தஜிகிஸ்தானின் தலைநகராக உள்ள துஷான்பேதான் அது. அங்கே மில்யாருக்கு மலேரியா வந்தது. காய்ச்சல் உருக்கிய உடம்போடும் மழித்த தலையோடும் கேமரா முன் வந்து நின்றார். நீங்கள் பார்த்த எலும்பும் தோலும் பாதிக்கு மேல் ஒப்பனை இல்லாமல் வந்தது.

அந்தக் கோலத்தில் குதிரை அவரைப் பக்கத்தில் விடவே மறுத்தது, கண்ணை மூடித்தான் ஏற்ற முடிந்தது என்று சொல்வார்கள். படத்தில் அவர் குதிரை மேல் இருக்கும் காட்சியைப் பாருங்கள். அந்த உடலில் அசைவே இல்லை. பாபா யாகாவில் ஒரு நொடிகூடச் சும்மா இராத அதே மனிதர் இங்கே கல்லாக இருக்கிறார். இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால்தான் அவர் எத்தகைய நடிகர் என்பது உறைக்கும்.

"அது போர்ப் பிரச்சாரப் படம்தானே? கஷேய்னா ஹிட்லர்னு அர்த்தமா?"

பிரச்சாரம் இருக்கிறது, மறைக்கவும் இல்லை. ஊர்கள் எரிகின்றன, மக்கள் சிறைப்படுகிறார்கள், நிகீத்தா என்ற வீரன் வருகிறான். அந்த வேடத்தில் நடித்த செர்கேய் ஸ்தல்யாரவ்தான் 'அழகி வசிலிஸா'வில் இவான். படம் 1945 மே மாதம், போர் முடிந்த அதே மாதத்தில், திரைக்கு வந்தது. அப்போது பார்த்தவர்களுக்குக் கஷேய் யார் என்று யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

ஆனால் மில்யார் மீசை ஒட்டிக்கொண்டு ஹிட்லரைப் போலிசெய்யவில்லை. சாவே வராதவனின் சலிப்பையும் குளிரையும் நடித்தார். அதனால்தான் போர் முடிந்து இத்தனை ஆண்டுகள் கழித்தும், அந்த வரலாறு எதுவும் தெரியாத பிள்ளைகூட அந்தக் கஷேயைக் கண்டு அம்மா மடியில் ஒண்டிக்கொள்கிறது.

"1945-க்கு அப்புறம் ரொம்ப வருஷம் ஆளையே காணோமே?"

அவர் மட்டும் இல்லை, படங்களே இல்லை. ஸ்டாலினின் கடைசி ஆண்டுகளில் 'குறைவாக எடு, ஆனால் தலைசிறந்ததாக எடு' என்ற கொள்கையால் தயாரிப்பு சுருங்கியது. 1951-இல் அந்தப் பெரிய நாடு முழுவதிலும் பத்துக் கதைப் படங்கள்கூட வரவில்லை. வந்தவையும் பெரும்பாலும் தலைவர்களையும் தளபதிகளையும் பற்றியவை. சூனியக்காரிக்கு அங்கே என்ன வேலை?

இத்தகைய காலங்களில் மில்யாரின் குரல் அவருக்குச் சோறு போட்டது. கார்ட்டூன்களுக்குக் குரல் கொடுத்தார், வெளிநாட்டுப் படங்களின் ரஷ்யப் பதிப்புகளுக்குப் பின்னணி பேசினார், சின்னச் சின்ன வேடங்களில் தலைகாட்டினார். 1950-களின் பின்பாதியில் ரோ மறுபடி தேவதைக் கதைகளுக்குத் திரும்பியதும் மில்யாரும் திரும்பினார். 1959-இல் வந்த 'கைவினைஞர் மார்யா'வில் நீருலக அரசனின் தவளை எடுபிடி குவாக் அவர்தான். கை கால் எல்லாம் பச்சை வண்ணம் பூசிக்கொண்டு ஒரு சிறு வேடத்துக்கு அவர் எடுத்த சிரத்தையைப் பாருங்கள். உட்காரும்போதுகூடத் தவளையாகவே உட்காருகிறார்.

"பனியில ஓட்டை போட்டு உள்ளே குதிச்ச பிசாசும் இவர்தானா?"

இவரேதான். எழுத்தாளர் கோகலின் கதையை வைத்து ரோ எடுத்த 'திகான்கா பண்ணை மாலைகள்' 1961-இல் வெளியானது. நிலாவைத் திருடும் பிசாசு, பன்றி மூக்கும் வாலும். வெளிப்புறக் காட்சிகளை ஆர்க்டிக் வட்டத்துக்கு அப்பால், கோலா தீபகற்பத்தில் உள்ள கீரவ்ஸ்க் பக்கம் எடுத்தார்கள். வயது ஐம்பது கடந்த மனிதர் கடுங்குளிரில் அந்த வேட உடையோடு மட்டும் நின்றார், உறைந்த நீரில் இறங்கினார், தனக்குப் பதில் ஆள் போடச் சம்மதிக்கவில்லை.

இந்தப் பிசாசு கோபம் வந்தாலும் பாவமாக இருக்கிறான். கொல்லன் வக்கூலா முதுகில் ஏறி உட்கார்ந்து பீட்டர்ஸ்பர்க்குக்கு ஓட்டும்போது அவன் முகத்தைக் கவனியுங்கள். ஏமாந்த வேலைக்காரனின் முகம். அவருடைய வேடங்களில் எனக்கு மிகப் பிடித்தது இதுதான்.

"மொரோஸ்கோ படத்துல பாபா யாகா எங்க வர்றா? எனக்குப் பனித் தாத்தாதான் ஞாபகம் இருக்கு."

பனித் தாத்தாவாக வருபவர் அலெக்சாந்தர் ஹ்வீல்யா. தற்பெருமைக்காரன் இவான் கரடித் தலையோடு அலைந்து, தலை சரியானபின் நாயகி நாஸ்தென்காவைத் தேடிக் காட்டுக்குள் போகும்போது கோழிக்கால் மேல் நிற்கும் பாபா யாகாவின் குடிசை வருகிறதே, அங்கேதான் மில்யார் வருகிறார். குடிசையை இவான் ஒரு பக்கம் திரும்பச் சொல்ல, உள்ளிருந்து கிழவி மறுபக்கம் திரும்பச் சொல்ல, இருவருக்கும் நடுவில் குடிசை முனகிக்கொண்டு சுற்றும். பிள்ளைகள் அந்த இடத்தை நான்கைந்து முறை திரும்பப் போடச் சொல்வார்கள்.

அவள் திரையில் இருக்கும் நேரம் குறைவு. இவானை அடுப்பில் தள்ளப் பார்த்து, அவன் தந்திரத்தில் தானே மாட்டிக்கொள்கிறாள். பிறகு ஆத்திரம் தீராமல் பூனையை அனுப்பி நாஸ்தென்காவைப் பனித் தாத்தாவின் உயிரை உறையவைக்கும் கோலைத் தொட வைக்கிறாள். கதையின் இரண்டாம் பாதியில் நடக்கும் கெடுதல் எல்லாம் அவள் கைவேலை. அப்படியும் அவள் இடுப்பைப் பிடித்துக்கொண்டு வயதைச் சொல்லிப் புலம்பும்போது பார்ப்பவர்களுக்குச் சிரிப்பும் இரக்கமும் சேர்ந்து வருகின்றன.

"எல்லாப் படத்துலயும் ஒரே பாபா யாகாதானே? என்ன பெரிய வித்தியாசம்?"

வித்தியாசம் நிறைய. 1939 பாபா யாகா வேகமானவள், பாய்ந்து பாய்ந்து வருபவள், நிஜமாகவே ஆபத்தானவள். 1964 'மொரோஸ்கோ'வில் அவளுக்கு மூட்டுவலி வந்துவிட்டது. 1968-இல் வந்த 'நெருப்பு, நீர், செம்புக் குழல்கள்' படத்தில் மகளைக் கட்டிக்கொடுக்கப் பாடுபடும் தாயாகிவிடுகிறாள். 1972-இன் 'பொற்கொம்புகள்'தான் ரோவின் இயக்கத்தில் அவளது கடைசி வருகை.

அதாவது, 33 ஆண்டுகளில் நடிகருக்கு வயதானபடியே சூனியக்காரிக்கும் வயதானது. பயமுறுத்தும் சக்தி குறையக் குறைய மனிதத்தன்மை கூடியது. இதை யாரோ முன்கூட்டித் திட்டமிட்டு எழுதியிருக்க முடியாது. ஒரே வேடத்தை ஒரே ஆளிடம் இத்தனை காலம் விட்டுவைத்ததால் விளைந்தது.

"ஒரே படத்துல பல வேஷம் போடறது காசு மிச்சம் பண்றதுக்கா?"

அப்படித் தெரியவில்லை, ரோவிடம் நடிகர்களுக்குக் குறைவில்லை. ஹ்வீல்யா, குபாத்ஸ்கி, வேரா அல்தாய்ஸ்கயா என்று படத்துக்குப் படம் வரும் ஒரு குழுவே அவரிடம் இருந்தது. 'நெருப்பு, நீர், செம்புக் குழல்கள்' படத்தில் பாபா யாகாவும் கஷேயும் மில்யார்தான். பெண்ணின் தாயும் மாப்பிள்ளையாக வருபவனும் ஒரே ஆள் என்று தெரிந்து பார்த்தால் காட்சிக்குக் காட்சி ரசிக்கலாம். கதை சொல்லும் பாட்டி எல்லாக் குரலையும் தானே பேசுவது போன்ற சுகம் அதில் இருக்கிறது.

1945 கஷேயையும் 1968 கஷேயையும் ஒப்பிடச் சொல்வேன். முதலாவது, மேலே சொன்ன அசையாத கல். இரண்டாவது, கல்யாண ஆசை பிடித்த கிழவன்.

"கம்ப்யூட்டர் கிராஃபிக்ஸ் இல்லாத காலத்துல எப்படி எடுத்தாங்க?"

குடிசையைக் கட்டினார்கள், மரங்களுக்குள் ஆட்களை நிறுத்தினார்கள், படச்சுருளைப் பின்னோக்கி ஓட்டினார்கள், ஒரே சுருளில் இரண்டு முறை படம் பிடித்தார்கள், சிறு மாதிரிகளைக் கேமராவுக்குப் பக்கத்தில் வைத்துப் பெரிதாகக் காட்டினார்கள். ரோவின் படங்களில் இவை எல்லாமே உண்டு.

இதனால் நடிகரின் மேல் சுமை கூடியது. எதிரே உண்மையான பொருள் நிற்கும், அல்லது எதுவுமே நிற்காது. மாயம் நடந்தது என்று நம்பவைக்க வேண்டியது நடிகரின் கண்தான்.

"இவ்வளவு புகழ் இருந்துச்சே, நல்லா சம்பாதிச்சிருப்பார் இல்லையா?"

இல்லை. சோவியத் நாட்டில் திரை நடிகர்களுக்குத் தரவரிசை உண்டு. குழு ஒன்று கூடி வகுப்பைத் தீர்மானிக்கும், அதன்படி படப்பிடிப்பு நாளுக்கு இவ்வளவு என்று கூலி. படம் கோடிக்கணக்கான பேரை ஈர்த்தாலும் அந்தக் கூலி மாறாது. திரையில் சில நிமிடங்களே வரும் குணச்சித்திர நடிகருக்குப் படப்பிடிப்பு நாள்களும் குறைவு. பட்டம் கிடைத்தால் கூலி ஏறும், வீட்டு வசதிக்கு முன்னுரிமை கிடைக்கும்.

மில்யாருக்குப் பட்டம் தாமதமாக வந்தது. ருஷ்யக் குடியரசின் 'தகுதிமிகு கலைஞர்' பட்டம் 1965-இல், அறுபது வயதைக் கடந்த பின். 'மக்கள் கலைஞர்' பட்டம் 1988-இல், எண்பத்தைந்தை நெருங்கும்போது. சோவியத் ஒன்றியம் முழுமைக்குமான 'மக்கள் கலைஞர்' பட்டம் கடைசி வரை வரவில்லை. நீண்ட காலம் கூட்டுக் குடியிருப்பில் வாழ்ந்தார். பிறகு கிடைத்த தனி வீடு மாஸ்கோவின் தெற்கு ஓரத்தில், பிர்யுலோவோவில். இந்த இடத்தில் எனக்குக் கோபம் வருகிறது. தலைவர்களாக நடித்தவர்களுக்கு மளமளவென்று பரிசுகள் குவிந்த நாட்டில், ஒவ்வொரு வீட்டுப் பிள்ளைக்கும் தெரிந்த ஒருவருக்கு ஐம்பது ஆண்டு காத்திருப்பு.

"அப்பா பிரெஞ்சுக்காரர், தாத்தா முதலாளிங்கிறதால பழிவாங்கிட்டாங்களா?"

அப்படிச் சொல்லுமளவுக்கு ஆதாரம் இல்லை. அவர் சிறைக்குப் போகவில்லை, தடைசெய்யப்படவும் இல்லை. பிறப்பு விவரத்தைப் பற்றி அவர் வாய் திறக்காமல் இருந்தார் என்பது மட்டும் உறுதி. பேர் மாற்றிய கதை மேலே இருக்கிறது.

பட்டம் தாமதமானதற்கு எளிமையான காரணம் போதும் என்று நினைக்கிறேன். குழந்தைப் படம் இரண்டாந்தரம், தேவதைக் கதை அதிலும் கீழே, அதில் சூனியக்காரி வேடம் இன்னும் கீழே என்று விருது கொடுப்பவர்கள் ஒரு படிவரிசை வைத்திருந்தார்கள். அதில் கடைசிப் படியில் நின்றவர் அவர்.

"ஒரே மாதிரி வேஷத்துல மாட்டிக்கிட்டார்னுதானே சொல்லணும்? அது அவருக்கு நஷ்டம் இல்லையா?"

நஷ்டம்தான். ரஷ்யத் தளபதி சுவோரவ், பிரெஞ்சுச் சிந்தனையாளர் வால்டேர், சீசர் ஆகியோராக நடிக்க ஆசைப்பட்டார் என்று அவரைப் பற்றி எழுதுபவர்கள் எல்லோரும் குறிப்பிடுகிறார்கள். அந்த நீள மூக்கையும் கூர்மையான கண்களையும் பார்த்தால் வால்டேர் வேடம் எவ்வளவு பொருந்தியிருக்கும் என்று தோன்றும். அந்த வாய்ப்பை யாரும் தரவில்லை.

ஆனால் 'மாட்டிக்கொண்டார்' என்ற சொல்லை நான் ஏற்கமாட்டேன். மாட்டிக்கொண்டவர் வேடத்தைச் சலிப்போடு செய்வார். குவாக்கையும் பிசாசையும் 1968 கஷேயையும் பாருங்கள், சலிப்பின் சாயல் எங்காவது இருக்கிறதா? 1969-இன் 'நீள்கூந்தல் அழகி வர்வாரா'வில் நீருக்கடி அரசன் சூதோ-யூதோவாக வரும்போது, மகள் பேச்சைக் கேட்கவில்லை என்று தவிக்கும் ஒரு தகப்பனை முழுசாகப் படைத்துவிடுகிறார். எழுத்தில் அது வெறும் கோமாளி வேடம்.

"கல்யாணம், குடும்பம்?"

அம்மாவோடுதான் வாழ்ந்தார். திருமணம் செய்துகொண்டது 65 வயதில், அதே குடியிருப்பில் வசித்த ஒரு பெண்மணியை. இந்த வயதில் எனக்கு ஆண் துணை எதற்கு என்று அந்தப் பெண்மணி தயங்கியபோது, நான் ஆண் இல்லை, பாபா யாகா என்று மில்யார் சொன்னதாக ஒரு கதை ரஷ்யாவில் எல்லோருக்கும் தெரியும்.

"ரோ போன பிறகு என்ன ஆனார்?"

ரோ எழுதிவைத்திருந்த திரைக்கதையை 1975-இல் கென்னாதி வசீல்யெவ் 'வீரவல்லூறு ஃபினீஸ்த்' என்று இயக்கினார், அதில் மில்யார் நடித்தார். அதன்பின் வேடங்கள் இன்னும் சிறுத்தன. பழைய சொந்தக்காரர் போல ஒரு காட்சியில் வந்து போவார். குரல் வேலை தொடர்ந்தது. 1993 ஜூன் 4 அன்று, தொண்ணூறாம் பிறந்தநாளுக்குச் சில மாதங்களே இருந்தபோது, மாஸ்கோவில் காலமானார். அவர் பிறந்தபோது ஜார் ஆண்டார். இறந்தபோது சோவியத் ஒன்றியம் இல்லாமல் போய் ஒன்றரை ஆண்டு ஆகியிருந்தது.

"ரஷ்யாவுக்கு வெளியே யாராவது பார்த்தாங்களா?"

'மொரோஸ்கோ' 1965-இல் வெனிஸ் குழந்தைப் பட விழாவில் முதல் பரிசு பெற்றது. செக் நாட்டில் அதை ஆண்டுதோறும் கிறிஸ்துமஸ், புத்தாண்டு விடுமுறையில் தொலைக்காட்சியில் போடுவது வழக்கமாகி, வசனங்கள் அன்றாடப் பேச்சில் கலந்துவிட்டன. சோவியத் டாங்கிகள் 1968-இல் அந்த நாட்டுக்குள் நுழைந்த பிறகும் இந்தப் படத்தின் மீதான பிரியம் போகவில்லை என்பது கவனிக்க வேண்டிய விஷயம்.

"சின்ன வயசுல மாஸ்கோவில அச்சான தமிழ்ப் புத்தகத்துல படிச்ச பாபா யாகா இவங்கதானா?"

அதே பாத்திரம்தான். மாஸ்கோ பதிப்பகங்கள் தமிழில் அச்சிட்டு அனுப்பிய ரஷ்ய நாட்டுப்புறக் கதைகளை நியூ செஞ்சுரி புக் ஹவுஸ் இங்கே மலிவு விலையில் விற்றது. அந்தப் படங்களின் வழியாகக் கோழிக்கால் குடிசையைத் தெரிந்துகொண்ட தலைமுறை நம்மிடையே இருக்கிறது. கதைகள் மில்யாருக்கு மிக முந்தியவை. அவர் அவற்றுக்கு ஓர் உடலும் குரலும் கொடுத்தார்.

"பிள்ளைங்களுக்குக் காட்டலாமா? எதுல ஆரம்பிக்கறது?"

'மொரோஸ்கோ'வில் தொடங்குங்கள். வண்ணப் படம், ஒன்றரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும், மொழி புரியாவிட்டாலும் கதை ஓடும். அடுத்து 'நீள்கூந்தல் அழகி வர்வாரா', பிறகு 'திகான்கா பண்ணை மாலைகள்'. 'அழகி வசிலிஸா' கறுப்பு வெள்ளை என்பதால் பொறுமை உள்ள பிள்ளைகளுக்கு. 'சாகாவரம் பெற்ற கஷேய்' பத்து வயதுக்கு மேல் ஆன பிறகு போதும், அதுவும் பகல் வேளையில், பக்கத்தில் பெரியவர் ஒருவர் உட்கார்ந்திருக்கும்போது.